பருவம் கடந்த செவ்வந்தி

நுழையும்முன்

ஒரு கலைஞனின் வெற்றியை உலகம் மேடையில் காண்கிறது. அவ்வெற்றிக்கு விலை கொடுத்தவர் யார் என்று கேட்டு, மேடையின் பக்கவாட்டிலும் அதன் அடித்தளத்திலும் தேடிச் சென்ற திரைப்படம் ஒன்று 1939ஆம் ஆண்டில் ஜப்பானில் வெளிவந்தது. கலை வேட்கை ஒருபுறமும் குடும்பக் கடமை மறுபுறமும் இழுக்க, இடையில் நின்ற இருவரின் கதை அது. அக்கதையையும் அது சொல்லப்பட்ட முறையையும் இப்பாடம் விளக்குகிறது.

வாய்க்காலோரத்தில் ஓர் இரவு

1885ஆம் ஆண்டின் கோடைக்கால இரவு. தோக்கியோ நகரில் வாய்க்காலை ஒட்டிய ஒரு தெரு. கைக்குழந்தையை ஏந்தியபடி இளம்பெண் ஒருத்தி நடந்து வருகிறாள். புழுக்கத்தில் உறங்காது அழும் குழந்தைக்குச் சற்றே காற்றுப் படட்டும் என்று அவள் அந்த நேரத்தில் வெளியே வந்திருக்கிறாள். விருந்தொன்றிலிருந்து வீடு திரும்பும் இளைஞன் அவளைக் கண்டு உடன் நடக்கத் தொடங்குகிறான். அவன் பெயர் கிக்குனொசுகே. கபுகி என்னும் ஜப்பானிய மரபுநாடகத்தின் பெருநடிகர்களுள் ஒருவரான ஐந்தாம் கிக்குகொரோவின் வளர்ப்பு மகன்; அக்குடும்பத்தின் கலைமரபுக்கு அடுத்த உரிமையாளன். அவளோ அதே வீட்டில் பணிபுரியும் செவிலித்தாய். பெயர் ஒதொக்கு. அவள் கையிலிருப்பது கிக்குகொரோ பெற்ற மகன்.

அன்று மாலை கிக்குனொசுகே மேடையில் நடித்திருந்தான். நடிப்பு நன்றாக அமையவில்லை. தந்தை திரைக்குப் பின்னால் சினந்தார். உடன் நடித்தோர் முகத்துக்கு முன்னே புகழ்ந்து, முதுகுக்குப் பின்னே நகைத்தனர். விருந்தில் சூழ்ந்திருந்தவர்களும் அவனை வானளாவப் பாராட்டினர். ஏதோ பொய் நடக்கிறது என்று அவன் மனம் சொல்கிறது. ஆனால் அதைச் சொல்ல ஒருவரும் இல்லை. தன் நடிப்பைப் பற்றி ஒதொக்குவிடம் பேச்செடுக்கிறான். அவள் தயங்குகிறாள். பிறகு, பணிவு குறையாமல், உண்மையைச் சொல்லிவிடுகிறாள். அவனது நடிப்பு நன்றாக இல்லை. பெரிய வீட்டுப் பிள்ளை என்பதால் எல்லோரும் முகத்துதி பாடுகின்றனர். அவற்றைக் காதில் போட்டுக்கொள்ளாமல் கலையில் உழைக்க வேண்டும். இவ்வளவே அவள் சொன்னது.

வீட்டு வேலையாள் ஒருத்தி தலைமகனிடம் இப்படிப் பேசுவது அக்கால வழக்கத்திற்கு முற்றும் மாறானது. ஆனால் கிக்குனொசுகே சினம் கொள்ளவில்லை. தன் வாழ்நாளில் தன்னிடம் இவ்வாறு பேசிய முதல் ஆள் அவள்தான் என்று நெகிழ்கிறான். இடையே, காற்றில் ஒலிக்கும் சிறுமணிகளைச் சுமந்து ஒரு வணிகன் வருகிறான். ஒதொக்கு குழந்தைக்காக ஒரு மணி வாங்குகிறாள். மீண்டும் நடக்கின்றனர். ஏறத்தாழ ஐந்து நிமிடம் நீளும் இக்காட்சியில் எங்கும் வெட்டு இல்லை. கேமரா தெருவின் மட்டத்துக்குக் கீழே, வாய்க்கால் பக்கமாக நின்று, இருவரையும் சற்றே அண்ணாந்து பார்த்தபடி அவர்களோடு நகர்ந்துகொண்டே செல்கிறது. உலகத் திரைப்பட வரலாற்றில் அடிக்கடி எடுத்துக்காட்டப்படும் காட்சிகளுள் இதுவும் ஒன்று.

இப்படத்தின் பெயர் ‘சங்கிக்கு மொனொகதாரி’. ‘கிக்கு’ என்றால் செவ்வந்தி. கிக்குகொரோ, கிக்குனொசுகே என்னும் நடிகர் பெயர்களில் இருப்பதும் இப்பூவே. ‘சங்கிக்கு’ என்பது பருவம் கடந்தும் உதிராமல் எஞ்சி நிற்கும் செவ்வந்தியைக் குறிக்கும். ஷோஃபு முராமத்சு எழுதிய கதையைத் தழுவி, யொஷிகாதா யொதா திரைக்கதை அமைக்க, கெஞ்சி மிசோகுச்சி இயக்கிய படம் இது. ஷோச்சிக்கு நிறுவனம் இதனை வெளியிட்டது. ஓடும் நேரம் இரண்டேகால் மணிக்கும் மேல்.

பெயர் என்னும் சொத்து

இக்கதையின் சிக்கலை உணர, கபுகிக் குடும்பங்களில் பெயருக்கு இருந்த மதிப்பை அறிந்துகொள்ள வேண்டும். கபுகியில் நடிகரின் பெயர் அவருக்கு மட்டும் உரியதன்று. அது ஒரு குடும்பத்தின் சொத்து. தலைமுறை தலைமுறையாகக் கைமாறுவது. ஐந்தாம் கிக்குகொரோ என்றால் அப்பெயரைத் தாங்கிய ஐந்தாவது நடிகர் என்று பொருள். தக்க மகன் இல்லாத வீட்டில் பிறர் பிள்ளையைத் தத்தெடுத்துப் பயிற்றுவித்துப் பெயரை ஒப்படைப்பதும் உண்டு. ஒவ்வொரு நடிகர் குடும்பத்துக்கும் ஒரு வீட்டுப்பெயரும் இருக்கிறது. கிக்குகொரோ வழியினரின் வீட்டுப்பெயர் ‘ஒத்தொவாயா’. நடிகர் சிறப்பாக ஆடும் நொடியில் அரங்கிலிருந்து இரசிகர்கள் உரத்துக் கூவுவது இந்த வீட்டுப்பெயரைத்தான். தனி ஒருவனின் திறமைக்குக் கிடைக்கும் பாராட்டும் அவன் குடும்பத்தின் கணக்கிலேயே சேர்கிறது.

அந்தக் காலமும் கருதத்தக்கது. 1868ஆம் ஆண்டு மெய்ஜி ஆட்சி அமைவதற்கு முன், நடிகர்கள் சமூகத்தில் தாழ்வாகவே நோக்கப்பட்டனர். மக்கள் அவர்களைக் கொண்டாடினாலும் அரசின் கண்ணில் அவர்களுக்கு மதிப்பில்லை. புதிய ஆட்சியில் நிலை மாறத் தொடங்கியது. 1887ஆம் ஆண்டு பேரரசர் மெய்ஜி முதன்முறையாகக் கபுகி நிகழ்ச்சியைக் கண்டார். அன்று அவர் முன் நடித்தவர்களுள் ஐந்தாம் கிக்குகொரோவும் ஒருவர். இழிவிலிருந்து மீண்டு, மதிப்புமிக்க குடிமக்களாய்த் தலைநிமிரத் தொடங்கிய வேளையில், நடிகர் குடும்பங்கள் தங்கள் நற்பெயரில் ஒரு கீறலும் விழாமல் காத்துக்கொள்ள முனைந்ததில் வியப்பில்லை. புதிதாய்க் கிடைத்த மதிப்பைக் காப்பவரே பழைய மதிப்பைக் காப்பவரினும் கடுமையாக நடந்துகொள்வர்.

தெரிந்து தெளிவோம்

கபுகி 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பெண்களால் ஆடப்பட்ட கலை. 1629ஆம் ஆண்டு அரசு, பெண்கள் மேடையேறுவதைத் தடை செய்தது. அதன் பின்னர்ப் பெண் வேடங்களையும் ஆண்களே ஏற்றனர். அவ்வாறு நடிப்போர் ‘ஒன்னகாதா’ எனப்படுவர். பார்வையாளர்களிடையே ஊடுருவி மேடை வரை செல்லும் ‘மலர்ப்பாதை’ என்னும் நடைமேடை இவ்வரங்கின் தனிச்சிறப்பு.

பழிச்சொல்லும் பிரிவும்

வாணவேடிக்கை நடக்கும் ஓர் இரவு. வீட்டார் அனைவரும் வெளியே சென்றிருக்க, கிக்குனொசுகே முன்னதாகத் திரும்பிவருகிறான். அடுக்களையில் ஒதொக்கு இருக்கிறாள். அவன் தர்ப்பூசணியை அறுக்க, இருவரும் உண்டு மகிழ்ந்து பேசுகின்றனர். படம் முழுமையிலும் அவ்விருவருக்கும் அமைதி வாய்ந்த காட்சி இதுவே எனலாம். வீட்டார் திரும்பிவந்து இதைக் காண்கின்றனர். மறுபேச்சுக்கு இடமின்றி ஒதொக்கு வேலையிலிருந்து நீக்கப்படுகிறாள். தலைமகனை மயக்கி வீட்டுக்குள் இடம்பிடிக்க முயன்றாள் என்பது அவள் மீது சுமத்தப்பட்ட பழி.

அவள் சொன்ன ஓர் உண்மைச் சொல்லே அவளுக்குக் குற்றமாயிற்று. கிக்குனொசுகே அவளைத் தேடிக் கண்டடைகிறான். தந்தை சீறுகிறார், அவளைக் கைவிடுமாறு கட்டளையிடுகிறார். மகன் மறுக்கிறான். வீட்டை விட்டும் பெயரை விட்டும் வெளியேறுகிறான். தந்தையின் நிழல் இல்லாத இடத்தில் தன் கலை எந்த அளவுக்குத் தேறும் என்று அறிய விரும்பி ஒசாகா நகரம் செல்கிறான்.

இதுவரை பார்த்தால், இது காதலுக்காகக் குடும்பத்தைத் துறந்த இளைஞனின் கதை போலத் தோன்றும். மிசோகுச்சியின் கதை இங்கேதான் வேறு திசையில் திரும்புகிறது. வீட்டைத் துறந்த கலைஞன் உடனே சிறந்த கலைஞனாகிவிடவில்லை. ஒசாகாவில் மூத்த நடிகர் ஒருவரின் துணையால் மேடை கிடைக்கிறது. ஆனால் பாராட்டுக் கிடைக்கவில்லை. பெரிய வீட்டுப் பெயர் இல்லாதபோது அவன் மேடையில் எத்தனை சிறியவன் என்பது அவனுக்கே தெரிகிறது. ஓராண்டு கழித்து ஒதொக்கு அவனைத் தேடி வந்து சேர்கிறாள். உடல் பிடித்துவிடும் தொழில் செய்யும் கென்ஷுன் என்பவரின் வீட்டு மாடியறையில் இருவரும் குடியிருக்கின்றனர். சேர்த்துவைத்த சிறு பணத்தில் அவள் அவனுக்கு ஒப்பனைக் கண்ணாடி பொருத்திய மேசை வாங்கித் தருகிறாள். அவன் நடிகன் என்பதை அவனே மறந்துவிடக் கூடாது என்ற எண்ணம் அதில் தெரிகிறது.

துணைநின்ற மூத்த நடிகர் இறந்துவிடுகிறார். பிழைப்புக்காகக் கிக்குனொசுகே ஊர் ஊராகச் செல்லும் நாடகக் குழு ஒன்றில் சேர்கிறான். அவ்வாழ்வில் ஆண்டுகள் கழிகின்றன. மழை, பசி, கடன், பாழடைந்த தங்குமிடங்கள். அவன் குணமும் கெடுகிறது. ஒதொக்கு ஒளித்து வைத்திருக்கும் பணத்தைக் கேட்டு அவளை அடிக்கவும் செய்கிறான். துன்பம் மனிதரை உயர்த்தும் என்று எளிதாகச் சொல்லிவிடும் கதைகளிடையே, துன்பம் மனிதரைச் சிறுமைப்படுத்தவும் செய்யும் என்பதை இப்படம் மறைக்கவில்லை. ஒருநாள் அவர்கள் நாடகம் போட்டுவந்த கொட்டகையும் பறிபோகிறது. பெண்கள் மற்போருக்குக் கொட்டகை ஒப்பந்தமாகிவிட்டது. கபுகி பார்க்க ஆளில்லை.

மேடைக்கு அடியில்

இந்நிலையில் ஒதொக்கு ஒரு முடிவெடுக்கிறாள். கிக்குனொசுகேயின் இளமைக்கால நண்பனும் தோக்கியோவின் புகழ்பெற்ற நடிகனுமான ஃபுக்குசுகே, நகோயா நகரில் நடிப்பதற்கு வந்திருக்கிறான். கணவனுக்குத் தெரியாமல் அவனிடம் சென்று, ஒரே ஒரு வேடம் தந்து பார்க்குமாறு கெஞ்சுகிறாள். அவர்கள் இசைகின்றனர். ஆனால் ஒரு நிபந்தனை உண்டு. கிக்குனொசுகே வெற்றி பெற்றால் தந்தையிடம் பேசி அவனை வீட்டில் சேர்த்துவிடலாம். அதற்கு ஒதொக்கு விலகிக்கொள்ள வேண்டும். அவள் ஒப்புக்கொள்கிறாள்.

அந்த மேடையில் அவன் ஏற்கும் வேடம் சுமிசொமே. பனி மூடிய மலைப்பாதையின் காவல்சாவடியில் நிகழும் நாட்டிய நாடகம் அது. தீயோன் ஒருவன் செர்ரி மரத்தை வெட்டக் கோடரி ஓங்குகிறான். அம்மரத்தின் ஆவி அழகிய பெண்ணுருவில் அவன்முன் தோன்றுகிறது. மாண்டுபோன காதலனுக்காகப் பழிதீர்க்க வந்த அப்பெண்ணே சுமிசொமே. இந்த வேடம்தான் கிக்குனொசுகேயை நடிகனாக்குகிறது. துயருறும் பெண்ணை மேடையில் உயிர்பெறச் செய்வது அவனுக்கு எப்படிக் கைவந்தது என்பதைப் படம் சொற்களால் விளக்குவதில்லை. அத்தனை ஆண்டுகள் தன்னருகில் இருந்த பெண்ணின் துயரை, அறிந்தோ அறியாமலோ, அவன் கற்றிருந்தான் என்று பார்வையாளரே உணர்ந்துகொள்ள வேண்டும். அதைக் கற்பித்தவள் மேடையில் இல்லை. மேடையின் பக்கவாட்டில் நின்று சற்று நேரம் பார்க்கிறாள். பின்னர் மேடைக்கு அடியிலுள்ள இருண்ட இடத்துக்கு இறங்கிச் சென்று, கைகூப்பி வேண்டுகிறாள். மேலே இசையும் காலடியோசையும் கேட்கின்றன. கீழே ஒரு பெண் தலைகுனிந்து நிற்கிறாள்.

நாடகம் பெருவெற்றி அடைகிறது. தோக்கியோவுக்குத் தொடர்வண்டி புறப்படும்போதுதான் ஒதொக்கு வண்டியில் இல்லை என்பது கிக்குனொசுகேக்குத் தெரிகிறது. அவள் விட்டுச்சென்ற மடல் அவன் கைக்கு வருகிறது. திரும்பிச் செல்லத் துடிக்கிறான். இப்போது திரும்பினால் அவள் செய்தது அனைத்தும் வீணாகும் என்று நண்பன் தடுக்கிறான். அவன் தோக்கியோ செல்கிறான். அவள் ஒசாகாவின் அதே மாடியறைக்குத் திரும்புகிறாள்.

விலகி நிற்கும் கேமரா

திரைப்படத்தில் ஒரே ஓட்டத்தில், இடையில் வெட்டாமல் எடுக்கப்படும் பகுதியைக் காட்சித்துணிப்பு என்பர். அக்கால அமெரிக்கப் படங்களில் ஒரு காட்சித்துணிப்பு சராசரியாகப் பத்து நொடி அளவில் முடிந்துவிடும். இப்படத்திலோ அது ஒரு நிமிடத்தை ஒட்டி நீள்கிறது. முகத்தை நெருங்கிக் காட்டும் அண்மைக் காட்சிகள் ஏறத்தாழ இல்லை. அழும் முகத்தை நெருங்கிக் காட்டினால் பார்ப்போரும் கண்கலங்குவர் என்பது திரைத்துறையின் பழைய பாடம். மிசோகுச்சி அந்த எளிய வழியை விலக்கினார்.

அவர் கேமராவை அறைக்கு வெளியே, சில வேளைகளில் இரண்டு மூன்று அறைகளுக்கு அப்பால் நிறுத்துகிறார். நகர்த்தித் திறக்கும் தாள்கதவுகள், மரத்தூண்கள், படிக்கட்டுகள், தொங்கும் திரைகள் ஆகியவற்றின் ஊடாகவே மனிதர்களைப் பார்க்க முடிகிறது. ஒருவர் அழும்போது முதுகைக் காட்டி அமர்ந்திருப்பார். அல்லது தூணின் மறைவுக்குப் போய்விடுவார். சில காட்சிகளில் பேசுபவரைவிட அவரைச் சூழ்ந்த வீடே பெரிதாகத் தெரிகிறது. இது வெறும் அழகுணர்ச்சியால் மட்டும் விளைந்ததாகத் தோன்றவில்லை. அக்குடும்பத்தில் வீட்டுக்குத்தான் முதலிடம். அதன் அறைகளுக்குள் வாழ்பவர்களுக்கு இரண்டாமிடம். கதை எதைச் சொல்கிறதோ அதையே காட்சியின் அமைப்பும் சொல்கிறது.

இந்த ஒழுங்கில் வாய்க்காலோரக் காட்சி ஒரு விதிவிலக்காக நிற்கிறது. அங்கே சுவர் இல்லை, தூண் இல்லை, கதவு இல்லை. திறந்த தெருவில் இருவர் நடக்க, கேமராவும் தடையின்றி நடக்கிறது. உண்மை பேசப்பட்ட ஒரே இடம் வீட்டுக்கு வெளியே இருந்தது. படத்தை இரண்டாம் முறை பார்ப்பவர்களுக்கு இது சட்டென்று புலப்படும். முதல்முறை பார்க்கும்போது அந்த நடையின் இனிமையே மனத்தில் நிற்கும்.

மேடைக் காட்சிகளைப் படமாக்கிய முறையும் நுட்பமானது. நாடகத்தின் சிறு துணுக்கைக் காட்டிவிட்டு அரங்கத்தின் கைதட்டலைக் காட்டி வெற்றியை அறிவிக்கும் வழக்கத்தை மிசோகுச்சி பின்பற்றவில்லை. சுமிசொமே நாட்டியத்தை நெடுநேரம் காட்டுகிறார். கிக்குனொசுகேயின் திறமையை வேறொருவர் சான்று கூறிப் பார்வையாளர் ஏற்க வேண்டியதில்லை. தாமே பார்த்து அறியலாம். கிக்குனொசுகேயாக நடித்த ஷோதாரோ ஹனயாகி, ‘ஷின்பா’ என்னும் புதுவகை நாடகத்தில் பெண் வேடங்களுக்குப் புகழ்பெற்றவர். 1894இல் பிறந்த அவருக்கு அப்போது நாற்பத்தைந்து வயது. ஏற்றதோ இளைஞன் வேடம். கேமரா விலகி நின்றது அதற்கும் துணைபுரிந்திருக்கும். ஒதொக்குவாக நடித்தவர் காக்குகோ மோரி. குரலை உயர்த்தாமலேயே உறுதியை வெளிப்படுத்தும் அவரது பேச்சுமுறை, படம் முடிந்த பின்னும் காதில் ஒலிப்பது.

இயக்குநரும் காலமும்

மிசோகுச்சி 1898இல் தோக்கியோவில் பிறந்தார். ரஷ்ய–ஜப்பானியப் போர்க்காலத்தில் படைவீரர்களுக்கு மழைச்சட்டை விற்கும் வணிகத்தில் இறங்கிய அவர் தந்தை பெரும் இழப்புக்கு ஆளானார். வறுமையின் பொருட்டு மிசோகுச்சியின் தமக்கை சுசு, கெய்ஷா இல்லத்துக்கு அனுப்பப்பட்டார். ஆடல் பாடலால் விருந்தினரை மகிழ்விக்கும் தொழிலுக்குப் பயிற்றுவிக்கப்பட்ட அவரே பின்னாளில் தம்பிக்கும் உதவினார். ஆண்களின் உயர்வுக்காகப் பெண்கள் பலியாகும் கதைகளை மிசோகுச்சி திரும்பத் திரும்ப எடுத்ததற்குக் காரணம் தேடுவோர் இந்நிகழ்ச்சியைத் தவறாமல் சுட்டுவர். 1936ஆம் ஆண்டில் வெளிவந்த ‘கியோன் சகோதரிகள்’ முதல் 1952ஆம் ஆண்டின் ‘ஒஹாருவின் வாழ்வு’ வரை இக்கருப்பொருள் தொடர்கிறது.

படம் வெளிவந்த ஆண்டையும் கவனிக்க வேண்டும். 1937இல் சீனாவுடன் போர் தொடங்கியிருந்தது. 1939இல் ஜப்பானிய அரசு திரைப்படச் சட்டம் ஒன்றைக் கொண்டுவந்து, திரைக்கதைகளைப் படப்பிடிப்புக்கு முன்னரே ஆய்வு செய்யத் தொடங்கியது. சமகாலச் சமூகத்தைக் கடிந்து பேசும் படங்களை எடுப்பது அரிதாயிற்று. அவ்வேளையில் மிசோகுச்சி மெய்ஜி காலக் கலைஞர்களின் வாழ்க்கையை நோக்கித் திரும்பினார். இதனைத் தொடர்ந்து பொம்மலாட்டக் கலைஞர்களைப் பற்றி 1940இலும், நடிகர் வாழ்வைப் பற்றி 1941இலும் அவர் எடுத்த இரு படங்களும் இன்று கிடைக்கவில்லை. அழிந்துபோன அவ்வரிசையில் எஞ்சி நிற்பது இந்தச் செவ்வந்தி மட்டுமே.

தனிமனிதர் தம்மை ஒடுக்கிக்கொண்டு கடமைக்குத் தலைவணங்க வேண்டும் என்று அரசு வற்புறுத்திய காலத்தில், ஒரு பெண்ணின் தியாகத்தைக் கூறும் படம் ஆட்சியாளர்களுக்கு உவப்பாகவே இருந்திருக்கும். ஆனால் படத்தைக் கூர்ந்து நோக்கினால் அது தியாகத்தைப் போற்றுகிறதா, அத்தியாகத்தைக் கேட்டு வாங்கியவர்கள் மீது குற்றம் சாட்டுகிறதா என்ற ஐயம் எழும். ஜப்பானியர் சமூகக் கடப்பாட்டை ‘கிரி’ என்றும், மனித உணர்வை ‘நிஞ்ஜோ’ என்றும் குறிப்பர். இவ்விரண்டின் மோதல் அவர்களது நாடக மரபில் நெடுங்காலமாகப் பேசப்பட்டுவரும் பொருள். மிசோகுச்சியின் படத்தில் அம்மோதல் விந்தையான முறையில் தீர்கிறது. கலை வெற்றி பெறுகிறது. குடும்பமும் தன் பெயரை மீட்டுக்கொள்கிறது. தந்தையும் மகனும் ஒன்றுசேர்கின்றனர். மேடைக்கும் சொந்தமில்லாத, குடும்பத்துக்கும் சொந்தமில்லாத ஒருத்தி மட்டும் எல்லாக் கணக்கையும் தீர்த்துவைத்துவிட்டு வெளியே நிற்கிறாள். அந்த நடிகன் சிறக்கக் காரணமான முதற்சொல்லைச் சொன்னவள் அவள்தான். அவளை விலக்கிய பிறகே அந்தச் சிறப்பை வீடு ஏற்றுக்கொண்டது.

படகு ஊர்வலம்

புகழின் உச்சியில் கிக்குனொசுகே தன் குடும்பத்தாருடன் ஒசாகாவுக்கு வருகிறான். வந்திறங்கும் நடிகர்கள் விளக்குகளால் ஒளிரும் படகுகளில் ஏறி, நகரின் நீர்வழிகளில் ஊர்வலமாகச் சென்று மக்களை வணங்குவது அந்நகரத்து வழக்கம். அந்த நாளில் கென்ஷுன் வந்து சேர்கிறார். ஒதொக்கு நோயுற்றிருக்கிறாள், இனிப் பிழைக்க மாட்டாள் என்கிறார். செய்தி கிக்குகொரோவின் செவிக்கும் எட்டுகிறது. முதல்முறையாக அவர் இளகுகிறார். “உன் மனைவியிடம் போ” என்று மகனை அனுப்புகிறார். மனைவி என்னும் அச்சொல்லுக்காக ஒதொக்கு காத்திருந்த ஆண்டுகள் பல.

பழைய மாடியறையில் அவள் படுத்திருக்கிறாள். தந்தை ஏற்றுக்கொண்டார் என்ற செய்தியை அவன் சொல்கிறான். அவள் மகிழ்கிறாள். ஆனால் அவளுக்கு வேறொரு கவலை. ஊர்வலத்துக்கு நேரமாகிறது, மக்கள் காத்திருப்பார்கள், அவன் போக வேண்டும். அவன் மறுக்கிறான். அவள் வற்புறுத்துகிறாள். படகில் அவன் நிற்கும் கோலத்தைப் படுத்தபடியே மனக்கண்ணால் காண்பேன் என்கிறாள். அவன் எழுந்து போகிறான்.

இருள் சூழ்ந்த நீரில் படகுகள் நகர்கின்றன. கரைகளில் மக்கள் திரண்டு ஆரவாரிக்கின்றனர். முரசொலி மாடியறை வரை கேட்கிறது. கிக்குனொசுகே படகின் முகப்பில் நின்று, இரு கைகளையும் விரித்து, இப்புறமும் அப்புறமும் திரும்பித் தலைவணங்குகிறான். ஒதொக்குவின் மூச்சு அடங்குகிறது. அவனுக்கு அது தெரியாது. அவன் முகத்தில் இருப்பது நடிகனின் முகமா, கணவனின் முகமா என்று சொல்ல முடியாதபடி கேமரா தொலைவிலேயே நிற்கிறது. அத்துடன் படம் முடிகிறது.

படம் சொல்லாத ஒரு செய்தி வரலாற்றில் உண்டு. உண்மையான கிக்குனொசுகே 1897ஆம் ஆண்டு, முப்பது வயது நிறைவதற்கு முன்பே இறந்துபோனார். கிக்குகொரோ என்னும் பெயர் அவரை அடையவில்லை. 1903இல் ஆறாம் கிக்குகொரோ என்று அப்பெயரை ஏற்றவர், வாய்க்காலோரத் தெருவில் ஒதொக்குவின் கைகளில் இருந்த அந்தக் குழந்தை. 1939இல் இப்படம் திரையிடப்பட்டபோது அவர் கபுகி மேடையின் முதல்வரிசை நடிகராக விளங்கினார்.

கற்பவை கற்றபின்

1. வாய்க்காலோரத் தெருவில் கிக்குனொசுகேயும் ஒதொக்குவும் உரையாடும் காட்சியை நாடகமாக எழுதி வகுப்பில் நடித்துக் காட்டுக.

2. நீங்கள் பார்த்த திரைப்படம் ஒன்றில் துயரக் காட்சி எவ்வாறு படமாக்கப்பட்டுள்ளது? அண்மைக் காட்சி, சேய்மைக் காட்சி ஆகியவற்றின் பயன்பாட்டைக் குறிப்பிட்டு ஒரு பக்க அளவில் எழுதுக.

3. இறுதியில் கிக்குனொசுகே படகு ஊர்வலத்துக்குச் சென்றது ஏற்கத்தக்கதா? இரு அணிகளாகப் பிரிந்து சொற்போர் நிகழ்த்துக.